பாதுகாப்புச் செலவின் கணக்கு: சம்பளம் நமது, கப்பல் அயலவரது

2025ஆம் ஆண்டுக்கு இலங்கையின் பாதுகாப்பு அமைச்சுக்கு ஒதுக்கப்பட்டது 442 பில்லியன் ரூபா. டொலர் 300 ரூபா என்று வைத்தால் ஏறத்தாழ 147 கோடி டொலர். அதற்கு முந்தைய ஆண்டில் இந்தத் தீவின் தேயிலை முழுவதும், உயர்நிலம், நடுநிலம், தாழ்நிலம் எல்லாம் சேர்த்து, ஏற்றுமதியில் ஈட்டியது 140 கோடி டொலரைச் சற்றே தாண்டும். தேயிலை டொலரில் வருகிறது, படைச் சம்பளம் ரூபாவில் போகிறது. ஆகவே கொழுந்துதான் படைக்குச் சோறு போடுகிறது என்று நேராகச் சொல்லிவிட முடியாது. ஆனால் தொகையின் பருமன் மனதில் பதிய மலையகத்தில் இதைவிடப் பொருத்தமான அளவுகோல் கிடையாது.

இன்னொரு அளவுகோலும் உண்டு. தோட்டத் தொழிலாளரின் நாட்சம்பளத்தை 1,750 ரூபாவாக்க, வருகைக் கொடுப்பனவாக 200 ரூபாவை அரசே தருவதென்று 2026 வரவு செலவுத் திட்டத்தில் அறிவித்தார்கள். அதற்காக ஒதுக்கிய தொகை 5 பில்லியன் ரூபா. பாதுகாப்பு அமைச்சின் 442 பில்லியனை 365 நாளுக்குப் பிரித்தால் நாளொன்றுக்கு 1.2 பில்லியன் வரும். அந்த 5 பில்லியன், பாதுகாப்பு அமைச்சின் நான்கு நாள் செலவு. அந்தக் கொடுப்பனவு பற்றி எத்தனை மாதம் பேசினோம், எத்தனை மேடையில் பேசினோம் என்பது எல்லோருக்கும் தெரியும். நான்கு நாள் செலவுக்கு அவ்வளவு பேசிய நாம் மீதி 361 நாளைப் பற்றியும் கொஞ்சம் பேச வேண்டும்.

பேசுவதற்கு முதலில் கணக்கை வாசிக்கத் தெரிய வேண்டும். இந்தியா நமக்கு என்ன கொடுக்கிறது, அதற்கு நாம் என்ன கொடுக்கிறோம் என்ற கேள்விக்கும் பாதி விடை அந்தக் கணக்கிலேயே இருக்கிறது.

தொகை எங்கே போகிறது

442 பில்லியனில் 382 பில்லியன் மீண்டெழும் செலவு. மூலதனச் செலவு வெறும் 60 பில்லியன். அதாவது நூற்றுக்கு 86 ரூபா சம்பளம், படிகள், உணவு, சீருடை, எரிபொருள், திருத்தவேலை என்று அந்தந்த ஆண்டே கரைந்துவிடுகிறது. கப்பல், விமானம், ராடார், கட்டடம், இயந்திரம் எல்லாவற்றுக்கும் மிஞ்சுவது 14 ரூபா. 60 பில்லியன் என்றால் 20 கோடி டொலர். தரைப்படை, கடற்படை, விமானப்படை மூன்றும் இதைப் பங்கு போட்டுக்கொள்ள வேண்டும், அதிலும் பெரும்பகுதி கட்டடத்துக்கும் பழைய பொருளைப் புதுப்பிக்கவும் போய்விடும். இந்தத் தொகையில் புதிய போர்க்கப்பல் கட்டுவதைப் பற்றி யோசிக்கவே முடியாது.

இங்கேதான் முடிச்சு இருக்கிறது. நமது பணம் ஆட்களுக்குப் போகிறது. ஆட்கள் ஏறுவதற்கான கப்பலும், பார்ப்பதற்கான கண்ணும், கற்பதற்கான பயிற்சியும் பெரும்பாலும் வெளியிலிருந்து வருகின்றன. அதில் முன்வரிசையில் நிற்பது இந்தியா. "இந்தியா பக்கத்தில் இருக்கும்போது நமக்கு எதற்கு இவ்வளவு செலவு?" என்று கேட்பவர்களும் சரி, "இந்தியாவை நம்பாமல் இருக்க இன்னும் செலவழிக்க வேண்டும்" என்பவர்களும் சரி, இந்த 86க்கு 14 என்ற பிரிப்பைக் கவனிப்பதில்லை. இந்தியா இன்னும் பத்துக் கப்பல் கொடுத்தாலும் 382 பில்லியன் குறையாது. கப்பலுக்கு டீசலும் மாலுமியும் நம் கணக்கில்தான், ஆகவே கூடத்தான் செய்யும்.

மதிப்பீட்டு நூலைத் திறந்தால்

ஒதுக்கீட்டுச் சட்டமூலத்தில் அமைச்சுக்கும் திணைக்களத்துக்கும் மொத்தத் தொகைகள் மட்டும் இருக்கும். விவரம் வேண்டுமானால் நிதி அமைச்சு வெளியிடும் ஆண்டு மதிப்பீட்டு நூலுக்குப் போக வேண்டும். அங்கே ஒவ்வொரு திணைக்களத்துக்கும் ஒரு தலைப்பு எண் உண்டு. பாதுகாப்பு அமைச்சு 103. இலங்கைத் தரைப்படை 222, கடற்படை 223, விமானப்படை 224. பொலிஸ் 225, சிவில் பாதுகாப்புத் திணைக்களம் 320.

அமைச்சின் பெயரை நம்பாமல் இந்த எண்களைப் பிடித்துக்கொள்வதே பாதுகாப்பு. ஆட்சி மாறும்போதெல்லாம் வர்த்தமானியில் திணைக்களங்கள் ஒரு அமைச்சிலிருந்து இன்னொன்றுக்கு மாறும். பொலிஸ் ஓர் ஆண்டு பாதுகாப்பு அமைச்சில் இருக்கும், அடுத்த ஆண்டு பொதுமக்கள் பாதுகாப்பு அமைச்சுக்குப் போயிருக்கும். அமைச்சின் மொத்தத்தை மட்டும் பார்த்து "செலவைக் குறைத்துவிட்டார்கள்" என்று எழுதுகிறவர்கள் சறுக்குவது இந்த இடத்தில். 2023 பாதீட்டில் 539 பில்லியன் என்று சொல்லப்பட்ட தொகை பாதுகாப்பும் பொலிஸும் சேர்ந்தது. பாதுகாப்பு மட்டும் 410 பில்லியன். அந்த 539ஐ 2025இன் 442உடன் ஒப்பிட்டால் பெரிய வெட்டு நடந்ததுபோல் தெரியும். அப்படி எதுவும் நடக்கவில்லை.

தலைப்புக்குள் போனால் நான்கு இலக்கக் குறியீடுகள் வரும். 1001 சம்பளம், 1002 மேலதிக நேரக் கொடுப்பனவு, 1003 ஏனைய படிகள். 1202 எரிபொருள். 1203 உணவும் சீருடையும். 1301 வாகனப் பராமரிப்பு, 1302 இயந்திரப் பராமரிப்பு. மூலதனப் பக்கத்தில் 2103 இயந்திரமும் உபகரணமும், 2401 பயிற்சி. ஒரு படை உண்மையில் இயங்குகிறதா, அல்லது முகாமில் உட்கார்ந்திருக்கிறதா என்று பார்க்க 1001ஐப் பார்த்துப் பயனில்லை. 1202, 1302, 2103 மூன்றையும் 1001உடன் சேர்த்து வைத்துப் பார்க்க வேண்டும். சம்பளம் ஏறிக்கொண்டே போய், எரிபொருளும் பராமரிப்பும் அதே இடத்தில் நின்றால், கப்பல் துறைமுகத்தில் கட்டியே கிடக்கிறது என்று பொருள். தோட்டத் தொழிற்சாலையில் வேலையாட்கள் எல்லோரும் இருந்தும், உலர்த்தும் அடுப்புக்கு விறகு வாங்காமல் விட்டால் என்ன ஆகுமோ அதுவேதான்.

மதிப்பீட்டில் ஒதுக்கிய தொகை ஒன்று, உண்மையில் செலவான தொகை இன்னொன்று. நூலில் கணக்கு முடிந்த முன்னைய ஆண்டொன்றின் உண்மைச் செலவு தனி நிரலில் இருக்கும். அந்த நிரல்தான் பார்க்க வேண்டியது. நடுவில் குறைநிரப்பு மதிப்பீடு வந்து தொகை கூடியும் இருக்கலாம்.

தலைப்புக்கு வெளியே ஒளிந்திருப்பவை

படையினரின் ஓய்வூதியம் 222, 223, 224 ஒன்றிலும் வராது. அது ஓய்வூதியத் திணைக்களத்தின் தலைப்பு 253இல் ஏனைய அரச ஊழியரின் ஓய்வூதியத்தோடு கலந்துவிடும். கடனில் ஆயுதமோ விமானமோ வாங்கியிருந்தால் அந்தக் கடனின் தவணையும் வட்டியும் திறைசேரி நடவடிக்கைத் திணைக்களத்தின் தலைப்பு 249க்குப் போய்விடும். ஆகவே "பாதுகாப்புச் செலவு" என்று செய்தியில் வரும் எண் எப்போதும் உண்மையைவிடக் குறைவு.

மறுபக்கத்திலும் ஒரு தவறு நடக்கிறது. 2025இல் கல்வி அமைச்சுக்கு 271 பில்லியன், பாதுகாப்புக்கு 442 பில்லியன், ஆகவே பள்ளிக்கூடத்தைவிடத் துப்பாக்கிக்குக் கூடுதல் என்ற பதிவு ஒவ்வோர் ஆண்டும் சுற்றும். கோபம் நியாயமானது, ஒப்பீடு தவறானது. நாட்டின் பெரும்பாலான பாடசாலைகள் மாகாணப் பாடசாலைகள். அவற்றின் ஆசிரியர் சம்பளம் மாகாண சபைகளுக்கான ஒதுக்கீட்டில் வருகிறது, கல்வி அமைச்சின் தலைப்பில் வருவதில்லை. தோட்டப் பாடசாலைகளில் அநேகமானவை இந்த வகைதான். சரியாக ஒப்பிட வேண்டுமானால் மத்திய, ஊவா, சப்பிரகமுவ மாகாணங்களின் கல்விச் செலவையும் எடுத்துக் கூட்ட வேண்டும். நம் பக்கத்து நியாயத்தைச் சொல்லும்போது பிழையான எண்ணைப் பிடித்துக்கொண்டு நின்றால், எதிரில் இருப்பவர் அந்த ஒரு பிழையைக் காட்டி மற்ற எல்லாவற்றையும் தள்ளிவிடுவார்.

ஆட்குறைப்பு ஏன் இவ்வளவு மெதுவாக நடக்கிறது

2023 ஜனவரியில் அரசு அறிவித்தது: 200,783 ஆக இருந்த தரைப்படையின் ஆளணி 2024க்குள் 135,000 ஆகவும், 2030க்குள் 100,000 ஆகவும் குறைக்கப்படும். 2025இல் பாதுகாப்புச் செயலாளர் அதே இலக்கை உறுதிசெய்து, கடற்படை 40,000, விமானப்படை 18,000 என்று மற்ற இரண்டுக்கும் எண் சொன்னார்.

2030 என்ற ஆண்டு எங்கிருந்து வந்தது? சிப்பாய் ஒருவர் 22 ஆண்டு சேவை முடித்தால் ஓய்வூதியத்துடன் விலகலாம். போரின் கடைசிக் கட்டமான 2006 முதல் 2009 வரை பெருந்தொகையில் ஆள் சேர்த்தார்கள். அவர்களின் 22 ஆண்டு முடிவது 2028க்கும் 2031க்கும் இடையில். எவரையும் வீட்டுக்கு அனுப்பாமல், புதிதாக ஆள் எடுப்பதைக் கட்டுப்படுத்தினாலே எண் தானாக இறங்கிவிடும். சத்தமில்லாத வழி, அரசியலில் ஆபத்தில்லாத வழி. ஆனால் சம்பளம் 222இலிருந்து இறங்க இறங்க ஓய்வூதியம் 253இல் ஏறும். 2030இல் பாதுகாப்புச் செலவு குறைந்துவிட்டது என்று யாராவது கொண்டாடினால் 253ஐயும் சேர்த்துப் பாருங்கள்.

மெதுவாக நடப்பதற்கு இன்னொரு காரணம், படை ஒரு கிராமிய வேலைவாய்ப்புத் திட்டமாகவும் இயங்குவது. அநுராதபுரம், குருநாகல், மொனராகலை போன்ற மாவட்டங்களின் சிங்களக் கிராமங்களில் மாதச் சம்பளம் என்று உறுதியாக வருவது பல வீடுகளில் படைச் சம்பளம் ஒன்றுதான். ஏழை வீட்டுப் பிள்ளைகள் அவர்கள். அந்தச் சம்பளத்தைப் பறிக்க எந்த அரசும் துணியாது, பறிப்பது நியாயமும் ஆகாது. மலையகத்துக்கு இதில் பங்கு ஏறக்குறைய இல்லை. தியத்தலாவையில் படை அதிகாரிகளை உருவாக்கும் கல்விக்கூடம் இருக்கிறது. அந்தக் குன்றுகளைச் சுற்றித் தேயிலைத் தோட்டங்கள் இருக்கின்றன. முப்படையில் மலையகத் தமிழர் மிகச் சிலரே. அரசின் மிகப் பெரிய சம்பளப் பட்டியல்களில் ஒன்று நம் லயங்களின் (தோட்டக் குடியிருப்பு வரிசைகளின்) பக்கம் வராமலே போகிறது.

2024ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க அரச நிதி முகாமைத்துவச் சட்டம், வட்டி நீங்கலான அரச செலவைத் தேசிய உற்பத்தியின் 13 வீதத்துக்குள் அடக்கச் சொல்கிறது. பாதுகாப்பு அமைச்சின் தொகை தேசிய உற்பத்தியில் ஒன்றரை வீதத்துக்குச் சற்றுக் கீழே. அதாவது அந்த வரம்புக்குள் பத்தில் ஒரு பங்கு. வரம்பு இறுகியிருக்கும்போது ஒரு தலைப்பு அசையாமல் நின்றால் மற்றத் தலைப்புகள்தான் ஒதுங்க வேண்டும்.

கொடுத்த கப்பலும் கொடுக்காத டீசலும்

இந்தியாவின் 2025-26 பாதுகாப்பு ஒதுக்கீடு 6.81 லட்சம் கோடி இந்திய ரூபா. நம்முடையதைப்போல ஏறத்தாழ 50 மடங்கு. இந்த இடைவெளியில் சமநிலை என்ற பேச்சுக்கே இடமில்லை. எப்படி ஒட்டிக்கொள்வது, எவ்வளவு ஒட்டிக்கொள்வது என்பதே கேள்வி.

கடற்படையின் கப்பல் வரிசையைப் பாருங்கள். சயுர, முன்னாள் இந்தியக் கடற்படையின் சரயு, 2000இல் வந்தது. சாகர, முன்னாள் இந்தியக் கரையோரக் காவற்படைக் கப்பல் வராஹ. சயுரால, சிந்துரால இரண்டும் கோவா கப்பல் கட்டுந்தளத்தில் நமக்கென்றே கட்டப்பட்டு 2017, 2018இல் சேர்ந்தவை. இலங்கைக் கரையோரக் காவற்படையின் சுரக்ஷா 2017இல் இந்தியா கொடுத்தது. சமுதுர, கஜபாகு, விஜயபாகு அமெரிக்கக் கரையோரக் காவற்படை கழித்தவை. பராக்கிரமபாகு சீனா தந்த பழைய போர்க்கப்பல். தீவின் பெரிய கப்பல்களில் நாம் புதிதாகக் காசு கொடுத்து வாங்கியவை விரல்விட்டு எண்ணக்கூடியவை.

தானமாக வரும் பழைய கப்பலில் மூன்று இடங்களில் கை சுடும். முதலாவது உதிரிப்பாகம். கட்டிய நாட்டில் அந்த வகை சேவையிலிருந்து நீங்கிவிட்டால் உதிரிப்பாகம் சந்தையில் கிடைக்காது, கொடுத்தவரிடமே போய் நிற்க வேண்டும். சுரக்ஷாவுக்கான உதிரிப்பாகங்களும் பின்னர் இந்தியாவிலிருந்தே தானமாக வந்தன. இரண்டாவது எரிபொருள். பழைய பெரிய இயந்திரம் கூடக் குடிக்கும். அந்தக் கணக்கு 223இன் கீழ் 1202இல் நம் தலையில். மூன்றாவது கலவை. இந்திய இயந்திரம், அமெரிக்க இயந்திரம், சீன இயந்திரம் என்று மூன்று வகைக்கும் தனித்தனி உதிரிப்பாகக் கிடங்கு, தனித்தனிப் பயிற்சி, தனித்தனிக் கையேடு. ஒரு தோட்டத்தில் நாலு நிறுவனத்தின் கொழுந்து உருட்டும் இயந்திரத்தை வாங்கி வைத்துக்கொண்டு ஒரே மெக்கானிக்கை நம்புவதற்கு ஒப்பானது இது.

டோர்னியர் 228 கடற்கண்காணிப்பு விமானம் இன்னும் தெளிவான உதாரணம். 2022 ஆகஸ்ட் 15ஆம் திகதி இந்தியா ஒன்றைக் கொடுத்தது. ஓராண்டில் பராமரிப்புக்காக அது இந்தியா திரும்பியது. பதிலுக்கு இன்னொன்று 2023 ஆகஸ்டில் வந்தது. ஓட்டுவதும் பார்ப்பதும் நம் விமானப்படை, பழுதுபார்ப்பு அங்கே. இது நமக்கு மலிவு. விமானம் வாங்கும் செலவு இல்லை. ஆனால் எப்போது பறக்கும், எப்போது பறக்காது என்பதில் கடைசிச் சொல் நம்மிடம் இல்லை.

கடலில் ஆபத்தில் சிக்குவோரை மீட்கும் ஒருங்கிணைப்பு நிலையம் அடுத்தது. 60 லட்சம் டொலர் இந்திய நன்கொடையில், இந்திய அரசு நிறுவனமான பாரத் எலக்ட்ரொனிக்ஸ் அமைத்தது. 2024 ஜூனில் இயங்கத் தொடங்கியது. தலைமை நிலையம் கொழும்பில் கடற்படைத் தலைமையகத்தில், உப நிலையம் அம்பாந்தோட்டையில், ஆளில்லாத் தளங்கள் காலி, அறுகம்பை, மட்டக்களப்பு, திருகோணமலை, கல்லாராவ, பருத்தித்துறை, முள்ளிக்குளம் ஆகிய ஏழு இடங்களில். தீவைச் சுற்றி வளையம் போட்டதுபோல் ஒரே நிறுவனத்தின் கருவி. 4,000 தொன் தாங்கும் மிதக்கும் திருத்துதளத்துக்கும் 2022இல் இந்தியாவுடன் உடன்பாடாயிற்று. 2025 ஜூனில் இந்திய அரசின் மசகான் டொக் நிறுவனம், கொழும்புக் கப்பற்பட்டறையின் பெரும்பான்மைப் பங்கை சுமார் 5.3 கோடி டொலருக்கு வாங்கப்போவதாக அறிவித்தது. கப்பல் கட்டியவர், கப்பலுக்குக் கண் வைத்தவர், கப்பலைத் திருத்துபவர் மூவரும் ஒரே திசையில்.

கடன்வசதி என்று வருவதிலும் ஒரு நுணுக்கம் இருக்கிறது. இந்திய ஏற்றுமதி இறக்குமதி வங்கியின் கடன்வசதியில் ஒப்பந்தப் பெறுமதியில் குறைந்தது 75 வீதப் பொருளும் சேவையும் இந்தியாவிலிருந்தே வாங்க வேண்டும் என்பது பொது விதி. வட்டி குறைவுதான். ஆனால் இந்திய நிறுவனங்களுக்கு வெளியே போட்டி விலை கேட்க முடியாது. பத்து வீத வட்டி மிச்சம் பிடித்துப் பொருளில் இருபது வீதம் கூடக் கொடுத்தால் மிச்சம் எங்கே? ஒவ்வொரு கடன்வசதிக்கும் இந்தக் கேள்வியைக் கேட்க வேண்டும்.

கப்பலைக் கொடுத்தவரின் மீனவரைப் பிடிக்கவே அந்தக் கடற்படை பாக்குநீரிணையில் தினமும் இறங்குகிறது என்பதையும் இங்கே சொல்லாமல் விட முடியாது. இழுவைமடி முறை 2017ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கச் சட்டத்தால் தடைசெய்யப்பட்டது. 2024இல் மட்டும் 500க்கு மேற்பட்ட இந்திய மீனவர்கள் கைதானார்கள். மன்னார், யாழ்ப்பாணக் கரையில் வலை அறுந்து நிற்பவரும் தமிழர், இராமேஸ்வரத்தில் படகை இழப்பவரும் தமிழர். எந்தக் கூட்டுப் பயிற்சியும், 2005 முதல் நடக்கும் கடற்படைகளின் ஸ்லைனெக்ஸ் உட்பட, இதைத் தீர்க்கவில்லை.

உதவியோடு வரும் நிபந்தனை

1971 ஏப்ரல் கிளர்ச்சியின்போது இந்தியா ஹெலிகொப்டர்களை அனுப்பியது, கடலில் காவல் நின்றது, கட்டுநாயக்கவில் படையினரை இறக்கியது. பதினாறு ஆண்டு கழித்து, 1987 ஜூன் 4ஆம் திகதி, அதே இந்தியா மிராஜ் போர்விமானங்களின் காவலோடு யாழ்ப்பாணத்தின்மேல் உணவுப் பொதிகளைப் போட்டது. ஜூலை 29இல் இந்திய இலங்கை ஒப்பந்தம். அதோடு மாற்றிக்கொண்ட கடிதங்களில், இந்திய நலனுக்குப் பாதகமாகத் திருகோணமலையோ வேறு துறைமுகமோ எந்த நாட்டின் இராணுவப் பயன்பாட்டுக்கும் விடப்படாது என்று எழுதப்பட்டது. ஒப்பந்தத்தோடு வந்த இந்திய அமைதிப்படை 1990 மார்ச்சில் வெளியேறும்போது ஏறத்தாழ 1,200 இந்தியப் படையினர் இறந்திருந்தார்கள். வடக்குக் கிழக்கில் மடிந்த பொதுமக்களின் கணக்கு வேறு.

அந்தக் கடித வாசகம் இன்னும் உயிரோடு இருக்கிறது. 2014இல் சீன நீர்மூழ்கிக் கப்பல் கொழும்பில் நின்றபோதும், 2022 ஆகஸ்டில் சீனக் கண்காணிப்புக் கப்பல் யுவான் வாங் 5 அம்பாந்தோட்டைக்கு வந்தபோதும், 2024 முழுவதும் வெளிநாட்டு ஆய்வுக் கப்பல்களுக்குத் தடை போட்டபோதும் அதன் நிழல் இருந்தது. 2025 ஏப்ரல் 5ஆம் திகதி கொழும்பில் பாதுகாப்பு ஒத்துழைப்புப் புரிந்துணர்வு உடன்படிக்கை கையெழுத்தானது. காலம் ஐந்து ஆண்டு. கையெழுத்திட்ட அரசின் முதுகெலும்பான கட்சி ஜே.வி.பி., ஒருகாலத்தில் தன் ஐந்து வகுப்புகளில் ஒன்றை இந்திய விஸ்தரிப்புவாதம் என்ற தலைப்பில் நடத்தியது. தோட்டத் தமிழரை அந்த விஸ்தரிப்பின் கருவியாகக் காட்டியது. இன்று அது தானே கையெழுத்திடுவதை மாற்றமாக ஏற்கலாம். ஆனால் உடன்படிக்கையின் முழு வாசகத்தை அப்போது மக்கள் முன் வைக்கவில்லை. 382 பில்லியனைக் கட்டுகிற மக்கள் அதை வாசிக்க உரிமையுள்ளவர்கள்.

2022இல் நாடு முறிந்தபோது இந்தியா சுமார் 400 கோடி டொலர் அளவுக்குக் கைகொடுத்தது: நாணயப் பரிமாற்றம் 40 கோடி, எரிபொருள் கடன்வசதி 50 கோடி, உணவுக்கும் மருந்துக்கும் 100 கோடி, இன்னும் பின்போட்ட கொடுப்பனவுகள். மண்ணெண்ணெய் வரிசை நின்ற ஊர்கள் அதை மறக்கக் கூடாது. முப்படையின் வண்டிகளும் அதே எரிபொருளில்தான் ஓடின. சார்ந்திருத்தல் ஆயுதத்தில் மட்டும் இல்லை.

மலையகம் இந்த உறவை இன்னொரு கோணத்திலும் அறியும். 1962இல் இந்தியா சீனாவிடம் அடிவாங்கியது. தன் அயலில் நட்பு தேவைப்பட்டது. 1964 அக்டோபர் 30ஆம் திகதி சிறிமா சாஸ்திரி ஒப்பந்தம்: மலையகத் தமிழரில் 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இங்கே, 150,000 பேர் பிறகு பார்க்கலாம் என்று ஒதுக்கிவைப்பு. 1974இல் அந்த ஒதுக்கிவைத்தவர்களையும் 75,000, 75,000 என்று பங்கிட்டார்கள். தோட்டத்தில் எவரிடமும் கேட்கவில்லை. இரு அரசுகள் நல்லுறவு பேசும்போது யாருடைய தலை எண்ணப்படும் என்பதற்கு இதைவிட ஆதாரம் வேண்டியதில்லை. டிக்கோயா வைத்தியசாலையும், 2017 மே 12இல் நோர்வூட்டில் அறிவித்த பத்தாயிரம் வீடுகளும், 1990 என்ற தொலைபேசி இலக்கத்தில் அழைக்கும் அம்புலன்ஸ் சேவையும் நல்ல உதவிகள், நன்றியோடு ஏற்க வேண்டியவை. அவை 1964இன் கணக்கைத் தீர்க்கவில்லை.

மண்சரிவு எந்தத் தலைப்பில்

மலையகத்தவருக்கு முதற் பாதுகாப்பு, மழைக்காலத்தில் லயத்துக்கு மேலுள்ள சரிவு அசையாமல் நிற்பது. அதைக் கண்காணிக்கும் தேசிய கட்டிட ஆராய்ச்சி நிறுவனமும், வளிமண்டலவியல் திணைக்களமும், அனர்த்த முகாமைத்துவ நிலையமும் அண்மை ஆண்டுகளில் இதே பாதுகாப்பு அமைச்சின் கீழ் வந்திருக்கின்றன. ஆகவே அந்த 442 பில்லியனில் நமக்கும் ஒரு வரி உண்டு, மிகச் சிறிய வரி.

கட்டிட ஆராய்ச்சி நிறுவனத்தின் அளவுகோல் எளிது. 24 மணிக்குள் 75 மில்லிமீற்றர் மழை விழுந்தால் விழிப்பு, 100 தாண்டினால் எச்சரிக்கை, 150 தாண்டினாலோ ஒரு மணிக்குள் 75 விழுந்தாலோ வெளியேற வேண்டும். பிழை நேர்வது எங்கே? மழைமானி பட்டினத்தில் இருக்கும், மழை தோட்டத்தின் மேற்பிரிவான மேல்கணக்கில் கொட்டும். மலையில் இரண்டு மைலுக்குள் மழை இரட்டிப்பாகலாம். அடுத்தது, எச்சரிக்கை தமிழில் பிந்தி வருவது. அதற்கடுத்தது, வெளியேறச் சொன்னால் எங்கே போவது என்று முன்கூட்டியே குறிக்காதது. 2014 அக்டோபர் 29ஆம் திகதி கொஸ்லந்தை மீரியபெத்தவில் லயங்கள் புதையும் முன்பே அந்தச் சரிவு ஆபத்தானதென்று தெரிந்திருந்தது; தெரிந்தது மட்டும் போதவில்லை.

2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல் மலையகத்தை உடைத்தது. நாடு முழுவதும் 600க்கு மேற்பட்டோர் இறந்தார்கள். கொழும்பில் நின்ற விக்ராந்த், உதயகிரி கப்பல்களிலிருந்து இந்திய நிவாரணம் உடனே இறங்கியது; இந்திய எம்.ஐ.-17 ஹெலிகொப்டர்கள் மலைக்கு மேலே பறந்தன. மகியங்கனையில் இந்திய இராணுவம் கள மருத்துவமனை அமைத்தது. அயலவர் பக்கத்தில் இருப்பதன் பயன் இதுதான், அதை முழு மனதோடு சொல்ல வேண்டும். ஆனால் ஹெலிகொப்டர் வருவது மண் சரிந்த பிறகு. சரிவதற்கு முதல் நாள் இரவு அடிக்க வேண்டிய மணியை எந்த அயலவரும் நமக்காக அடிக்க முடியாது. அது நமது மீண்டெழும் செலவில், நமது மொழியில், நமது ஆட்களால் நடக்க வேண்டியது. ஒரு தோட்டப் பிரிவுக்கு ஒரு தானியங்கி மழைமானியும், அதை வாசித்துத் தமிழில் அறிவிக்க ஒருவரும் என்று கேட்டால், அந்தத் தொகை தரைப்படையின் உணவுச் செலவுக்குப் பக்கத்தில்கூட வராது.

கேட்பதற்கு வழி இருக்கிறது. 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் ஆர்.டி.ஐ. 01 படிவத்தைத் தமிழிலேயே நிரப்பித் தகவல் அலுவலரிடம் கொடுக்கலாம். 14 வேலை நாட்களுக்குள் தீர்மானம் தெரிவிக்க வேண்டும். மறுத்தால் 14 நாளுக்குள் குறித்தளிக்கப்பட்ட அலுவலருக்கு மேன்முறையீடு. அங்கேயும் மறுத்தால் இரண்டு மாதத்துக்குள் தகவல் அறியும் உரிமை ஆணைக்குழுவுக்கு. தேசிய பாதுகாப்பைக் காட்டி 5ஆம் பிரிவின் கீழ் மறுப்பார்கள். ஆகவே கேள்வியை அமைக்கும் விதம் முக்கியம். "இந்தியாவுடனான பாதுகாப்பு உடன்படிக்கையின் விவரம் தருக" என்றால் கதவு மூடும். "தலைப்பு 223, குறியீடு 1202இல் கடந்த மூன்று ஆண்டு உண்மைச் செலவு என்ன?", "பதுளை, நுவரெலியா மாவட்டங்களில் இயங்கும் தானியங்கி மழைமானிகள் எத்தனை, இயங்காதவை எத்தனை, எந்தத் திகதியிலிருந்து?" என்று கேட்டால் மறுக்கக் காரணம் கிடையாது. ஒரு படிவத்தில் ஒரு விடயம் மட்டும் கேளுங்கள். நாலைக் கலந்தால் ஒன்றைக் காட்டி நாலையும் நிறுத்திவைப்பார்கள். பொதுநலன் பெரிதென்றால் விலக்களிக்கப்பட்ட தகவலையும் கொடுக்க வேண்டும் என்று அதே 5ஆம் பிரிவின் நான்காம் உட்பிரிவு சொல்கிறது. மேன்முறையீட்டில் அதைக் குறிப்பிடுங்கள்.

படிவம் போடுவதற்கு முன்பு கணக்காய்வாளர் நாயகத்தின் அறிக்கையையும், அந்தந்தப் படையின் ஆண்டுச் செயலாற்றுகை அறிக்கையையும் தேடிப் பாருங்கள். பாராளுமன்றத்தில் சமர்ப்பிக்கப்படுபவை, பாதிக் கேள்விக்கு அங்கேயே விடை இருக்கும். தமிழ்ப் பிரதி பிந்தினால் காத்திருக்க வேண்டாம். சிங்களப் பிரதியிலும் 222, 223, 224 அதே எண்கள்தான்.